மலையகச் செய்தி நாளைக் காலைப் பேப்பர்ல வரணும்னா: புது நிருபருக்கு முழு வழிகாட்டி

தோட்டத்துல இருந்தும் டவுன்ல இருந்தும் கொழும்புத் தினசரிப் பேப்பருக்கு செய்தி அனுப்ப ஆரம்பிக்கிற தம்பி தங்கச்சிமாருக்காகத் தான் இத எழுதுறேன். நான் ஹட்டன் பக்கம் பல வருஷம் பிரதேச நிருபரா ஓடினவன், நடுவுல கொஞ்ச காலம் கொழும்புல டெஸ்க்ல, அதாவது வர்ற செய்தியத் திருத்திப் பக்கத்துல போடுற இடத்துல, ராத்திரி ஷிஃப்ட்டும் பார்த்தேன். அங்க போய் உட்கார்ந்த பிறகு தான் எனக்கே விளங்கிச்சி, நான் உயிரக் கொடுத்து அனுப்பின செய்தி எல்லாம் ஏன் வராமப் போச்சின்னு. செய்தியில குறையில்ல, அது போய்ச் சேர்ந்த நேரம் தான் பிழை.

இப்ப புதுசா வர்றவங்களும் அதே இடத்துல தான் தடுக்கி விழுறாங்க. அதனால வரிசையாச் சொல்றேன், வரிச மாத்தாமச் செஞ்சு பாருங்க.

1. மொதல்ல லொறி நேரத்தக் கேட்டு எழுதி வைங்க

எல்லாரும் செய்தியில இருந்து ஆரம்பிக்கிறாங்க. பேப்பர் ஒஃபிஸ்ல ஒருத்தரும் அப்படி ஆரம்பிக்கிறதில்ல, லொறி எத்தன மணிக்குக் கிளம்பணும்ங்கிறதுல இருந்து பின்னோக்கி எண்ணிக்கிட்டு வருவாங்க.

நான் பழகின ஒஃபிஸ் கணக்கச் சொல்றேன், ஒவ்வொரு பேப்பருக்கும் கொஞ்சம் மாறும். பொகவந்தலாவையில கடைக்காரர் ஆறு மணிக்குப் பேப்பரத் தொங்கவிடணும்னா ஹட்டன் பேப்பர் ஏஜென்ட் கையில அஞ்சு மணிக்கு முன்ன பண்டல் இருக்கணும், ஏன்னா அவரு அத முதல் பஸ்ஸுல ஏத்தணும். கொழும்புல இருந்து அவிசாவளை, கித்துல்கல, கினிகத்தேனை வழியா ஹட்டனுக்கு நாலு மணித்தியாலத்துக்கு மேல ஓடணும், வழியில இறக்குற பண்டலும் இருக்கு, பனியும் இருக்கு. அப்படின்னா ராத்திரி பன்னெண்டுக்கு முன்ன லொறி வெளிக்கிடணும், பதினொன்றுக்கு அச்சடிச்சு முடியணும், ஒன்பதரைக்கு மெஷின் ஓடணும், ஒன்பதுக்குள்ள பிளேட் (அச்சுத் தகடு) ரெடியாகணும், எட்டு மணிக்கு முதல் பக்கம் மூடணும், அதாவது அதுக்குப் பிறகு அந்தப் பக்கத்துல ஒண்ணும் சேர்க்க முடியாது. முதல் பக்கத்துக்குப் போற செய்தி ஆறரைக்குள்ள டெஸ்க்ல இருந்தாத் தான் அத யாராவது நிதானமா வாசிப்பாங்க.

உள்பக்கம் இதுக்கு ரொம்ப முந்தியே மூடிரும். மலையகச் செய்தி போற பிரதேசப் பக்கம் எங்க ஒஃபிஸ்ல பகல் ரெண்டரை. பல புதியவங்க சாப்பிட்டு ஆறி நாலு மணிக்கு அனுப்பிட்டு "ஏன் அண்ணே வரல"ன்னு கேட்கிறாங்க, அந்தப் பக்கம் அப்பவே மூடிப் போய் ஒன்றரை மணித்தியாலம் ஆயிருச்சி.

இன்னொரு விஷயம், இது பலருக்குத் தெரியாது. தூரத்து ஊருக்குப் போற பதிப்பத் தான் முதல்ல அடிப்பாங்க, கொழும்புக்குள்ள விக்கிற பதிப்பு கடைசில. ராத்திரி ஒன்பதரைக்கு மஸ்கெலியாவுல நடந்த விபத்து கொழும்புப் பதிப்புல வந்திருக்கும், மஸ்கெலியாவுக்கு வர்ற பேப்பர்ல இருக்காது. நம்ம ஊருச் செய்தி நம்ம சனத்துக்குப் போய்ச் சேரணும்னா நமக்குத் தான் நேரம் குறைவு. எனக்கு இது இன்னைக்கும் மனசுல உறுத்துற விஷயம், அதுக்காகத் தான் இத முதல்ல போட்டேன்.

ஆக, சேர்ந்த முதல் நாளே டெஸ்க்ல மூணு நேரத்தக் கேளுங்க: பிரதேசப் பக்கம் மூடுற நேரம், முதல் பதிப்பு மூடுற நேரம், கடைசிப் பதிப்பு மூடுற நேரம். போன் கவருக்குப் பின்னால எழுதி ஒட்டி வைங்க.

2. முன்கூட்டியே கையில இருக்க வேண்டியது

ரெண்டு சிம், ரெண்டு வேற கம்பனி. ஒரு பவர் பேங்க். தோட்டத்துக்குத் தோட்டம் சிக்னல் கிடைக்கிற மேடு எதுன்னு ஒரு கொப்பியில குறிச்சு வைங்க, ஸ்டோருக்கு (தேயிலை ஃபெக்டரிக்கு) மேல இருக்கிற வளைவு, கோயில் படி, இப்படி. மழைக்குக் கரண்ட் போய் கொஞ்ச நேரத்துல சிக்னல் பலவீனமானா டேட்டா போயிரும், ஆனா எஸ்எம்எஸ் பல நேரம் போகும். டெஸ்க் நம்பர வாட்ஸ்அப்புல மட்டும் வச்சிருந்தவங்க மண்சரிவு நாள்ல கைய விரிச்சிட்டு நின்னதக் கண்டிருக்கேன்.

நம்பர் கொப்பி தான் உங்க முதலீடு. பொலிஸ் பொறுப்பதிகாரி, ஆஸ்பத்திரி, கிராம சேவகர், பிரதேச செயலகம், தோட்டத் தலைவர், தோட்ட ஒஃபிஸ், ஆட்டோ ஸ்டாண்ட்ல ஒருத்தர், டவுன்ல ஃபார்மசிக்காரர். சம்பவம் நடந்த பிறகு நம்பர் தேடினா அதுலயே அரை மணித்தியாலம் போயிரும். அனர்த்த முகாமைத்துவ நிலையத்தோட 117 எல்லாருக்கும் தெரியும், ஆனா மாவட்ட அலுவலக நம்பரத் தனியா வாங்கி வைங்க, மண்சரிவு எச்சரிக்கை விடுறது தேசிய கட்டிட ஆராய்ச்சி நிறுவனம்ங்கிறதையும் ஞாபகத்துல வைங்க, ரெண்டையும் குழப்பி எழுதுறவங்க நிறையப் பேர்.

பொலிஸ்ல பெரும்பாலும் தகவல சிங்களத்துல தான் சொல்லுவாங்க. தெரிஞ்ச மாதிரித் தலையாட்டிட்டு வராதீங்க. சொன்னத நீங்க ஒரு தடவ திருப்பிச் சொல்லி "சரிதானே சேர்"னு கேட்டுட்டு வாங்க. "பலத்த காயம்"னு அவங்க சொன்னது "மரணம்"னு பேப்பர்ல வந்தா அந்தக் குடும்பத்துக்கு முன்னால போய் நிக்க முடியாது.

3. பக்கம் எப்படி நிரம்புதுன்னு தெரிஞ்சிக்கங்க

காலைல ஒஃபிஸ்ல முதல்ல நடக்கிறது விளம்பரக் கணக்கு. எந்தப் பக்கத்துல எத்தன அங்குலம் விளம்பரம், மரண அறிவித்தல் எத்தன, இதெல்லாம் பக்க வரைபடத்துல கட்டம் போட்டுருவாங்க, அத டம்மின்னு சொல்லுவோம். செய்திக்கு இருக்கிறது மிச்ச இடம் தான். அந்த விளம்பரக் காசுல தான் பேப்பர் ஓடுது, வித்த காசுல மட்டும் கடதாசிச் செலவே கட்டாது.

செய்தி கூடிப் போச்சி, ஒரு பக்கம் கூட்டுங்கன்னு கேட்க முடியாது. மெஷின்ல போற கடதாசி அகலத்துல ரெண்டு பக்கம், முன்னும் பின்னும் சேர்ந்தா நாலு, அதனால பக்கம் நாலு நாலாத் தான் கூடும், 12க்குப் பிறகு 16. 2022 பொருளாதார நெருக்கடியில நியூஸ்பிரிண்ட் (பேப்பர் அடிக்கிற கடதாசி) இறக்குமதி பண்ண முடியாமப் பேப்பர்கள் பக்கத்தக் குறைச்சப்போ முதல்ல சுருங்கினது பிரதேசப் பக்கங்கள் தான்னு நம்ம ஆளுங்க எல்லாருக்கும் தெரியும்.

இதுல இருந்து உங்களுக்குக் கிடைக்கிற பாடம்: 400 சொல்லு எழுதாதீங்க. சாதாரணச் செய்திக்கு 120ல இருந்து 150 சொல்லு. சின்னதா, சுத்தமா வந்த செய்திக்கு எங்கயாவது ஒரு ஓட்டை கிடைச்சிரும். பெருசா வந்ததச் சுருக்க ஆள் வேணும், அந்த நேரத்துல ஆள் இருக்காது.

4. மொதல்ல ரெண்டு வரி அனுப்புங்க

முழுச் செய்தியும் எழுதி முடிச்ச பிறகு தான் அனுப்பணும்னு நெனைக்கிறது தான் பெரிய பிழை. சம்பவம் தெரிஞ்ச உடனே ரெண்டு வரி: என்ன, எங்க, எத்தன பேர், போட்டோ வருமா, எத்தன மணிக்கு முழுசா அனுப்புவேன். அவ்வளவு தான்.

அதப் பார்த்த உடனே செய்தி ஆசிரியர் டம்மியில ஒரு இடத்த ஒதுக்கி வைப்பார். இடம் ஒதுக்கியாச்சின்னா பிறகு அவங்களே உங்களத் தேடி போன் எடுப்பாங்க. ஒதுக்காத செய்தி எவ்வளவு நல்லா இருந்தாலும் அத உள்ள விட இன்னொன்னத் தூக்கணும், ஏழரை மணிக்கு யாரும் அதச் செய்ய விரும்ப மாட்டாங்க.

அதுல உறுதியான எண்ணிக்கையும் உறுதியில்லாததும் கலந்திருந்தா எது எதுன்னு தெளிவாச் சொல்லுங்க. "ஆஸ்பத்திரி சொன்னது 8, தோட்டத்துல சொல்றது 11"னு போடுறது வெட்கமில்ல.

5. எழுத முன்னால யார் யாருக்கிட்ட கேட்கணும்

நம்ம பக்கத்துல அடிக்கடி வர்ற செய்தி குளவிக் கொட்டு, அதையே எடுத்துக்குவோம். கூட மலையில நின்ன ஒரு அக்காக்கிட்டக் கேளுங்க, கூடு எங்க இருந்துச்சி, எப்படிக் கலைஞ்சிச்சின்னு. ஆஸ்பத்திரியில எத்தன பேர் வாட்டுல, எத்தன பேர் மருந்து கட்டிட்டுப் போயிட்டாங்கன்னு கேளுங்க, இது ரெண்டும் வேற வேற எண்ணிக்கை. பிறகு பொலிஸ். பிறகு தோட்ட நிர்வாகம்.

நிர்வாகத்துக்கிட்டக் கேட்கிறதத் தான் புதியவங்க விட்டுர்றாங்க. "கூட்ட அகற்றச் சொல்லி ஒரு மாசமாச் சொல்றோம், தொர கேட்கல"ன்னு தோட்ட மெனேஜரப் பத்தித் தொழிலாளி சொன்னா அது முக்கியமான வரி, கட்டாயம் போகணும், ஆனா தொரக்கிட்டக் கேட்காமப் போட்டா டெஸ்க்ல முதல் வெட்டு அந்த வரிக்குத் தான் விழும். போன் எடுங்க, எடுக்கலன்னா எத்தன மணிக்கு எத்தன தடவ எடுத்தீங்கன்னு குறிச்சு அனுப்புங்க, "கருத்துப் பெற முயன்றும் முடியவில்லை"ன்னு ஒரு வரியோட தொழிலாளியோட குற்றச்சாட்டும் பத்திரமா உள்ள போயிரும். நம்ம சனத்தோட குரல் பேப்பர்ல நிக்கணும்னா இந்த ஒரு போன் கோல் தான் அதுக்குக் காவல்.

எண்ணிக்கையில அவசரப்படாதீங்க. 2014 ஒக்டோபர் 29 கொஸ்லந்த மீரியபெத்த மண்சரிவுல ஆரம்பத்துல காணாமப் போனவங்கன்னு நூற்றுக்கணக்குல எண்ணிக்கை வந்திச்சி, பிறகு அது ரொம்பக் குறைஞ்சிது. பாடசாலைக்குப் போன பிள்ளைங்க, வேலைக்குப் போனவங்க, சொந்தக்காரர் வீட்டுல இருந்தவங்க எல்லாரையும் கழிக்காம யாராலும் சரியான கணக்குச் சொல்ல முடியாது. அதனால ஒவ்வொரு எண்ணுக்குப் பக்கத்துலயும் யார் சொன்னது, எத்தன மணிக்குச் சொன்னதுன்னு எழுதணும்.

தோட்டத் தொழிலாளர் நாள் சம்பளச் செய்தியும் இப்படித் தான். 2021ல 1,000 ரூபாய்னு எல்லாரும் எழுதினது 900 அடிப்படையும் 100 கொடுப்பனவும் சேர்ந்தது. 2024ல 1,700ன்னு பேச்சு அடிபட்டது 1,350 அடிப்படையும் 350 மேலதிகமும். ஈபிஎஃப் (ஊழியர் சேமலாப நிதி) கணக்குக்கு அடிப்படை எவ்வளவுன்னு தான் நம்ம அம்மாமார் பார்ப்பாங்க, அவங்கள ஏமாத்துற தலைப்பு நம்ம கையால போகக் கூடாது. காணிச் செய்தியிலயும் அளவு 7 பேர்ச்சா 10 பேர்ச்சான்னு திரும்பக் கேளுங்க.

6. எழுதுற முறை: கீழ இருந்து வெட்டுவாங்க

புதுசா வந்த ஒரு தம்பி எனக்குக் காட்டின மாதிரியான ஒண்ணு இது:

"இன்று காலை எமது பகுதியில் உள்ள தோட்டமொன்றில் குளவிகள் தாக்கியதில் பலர் காயமடைந்தனர். மலையகத் தொழிலாளர்கள் காலங்காலமாக இவ்வாறான துன்பங்களை அனுபவித்து வருவது யாவரும் அறிந்ததே."

அவரோட கோபம் நியாயமானது. ஆனா இதுல டெஸ்க்குக்கு உதவுற ஒரு தகவலும் இல்ல. அதையே இப்படி எழுதலாம்:

"பொகவந்தலாவை பொலிஸ் பிரிவிலுள்ள தோட்டமொன்றின் மேற்பிரிவில் நேற்று (12) காலை 10.30 மணியளவில் கொழுந்து பறித்துக்கொண்டிருந்த 8 தொழிலாளர்கள் குளவிக் கொட்டுக்கு இலக்காகி பொகவந்தலாவை வைத்தியசாலையில் அனுமதிக்கப்பட்டனர். இவர்களில் இருவர் மேலதிக சிகிச்சைக்காக டிக்கோயா கிளங்கன் ஆதார வைத்தியசாலைக்கு மாற்றப்பட்டதாக வைத்தியசாலை வட்டாரங்கள் தெரிவித்தன."

இது மாதிரிக்கு எழுதினதால தோட்டத்துப் பேர விட்டிருக்கேன், நீங்க அனுப்புறதுல பேர் கட்டாயம் இருக்கணும். ரெண்டாவது பந்தியில கூடு எப்படிக் கலைஞ்சிது, மூணாவதுல தொழிலாளி சொன்னதும் நிர்வாகம் சொன்னதும், நாலாவதுல இதே மலையில முந்தி நடந்திருந்தா அது. இடம் போதலன்னா நாலாவது போகும், பிறகு மூணாவது. ராத்திரி எட்டு மணிக்கு வெட்டுறவருக்கு உங்க தோட்டமும் தெரியாது ஆட்களும் தெரியாது, அவர் கடைசிப் பந்தியில இருந்து தான் மேல வருவார். அதனால முக்கியமானத அடியில ஒளிச்சு வைக்காதீங்க. தொழிலாளியோட குற்றச்சாட்டு தான் செய்தின்னு உங்களுக்குப் பட்டா அத ரெண்டாவது பந்திக்குத் தூக்குங்க.

"இன்று" கதையும் இது தான். நீங்க எழுதுறது இன்னைக்கு, வாசிக்கிறது நாளைக்கு. அதனால "நேற்று" போட்டு அடைப்புக்குள்ள திகதிய எழுதணும். திகதி இருந்தா டெஸ்க்ல செய்தி ஒரு நாள் பிந்தினாலும் "நேற்று"ங்கிறத மாத்திப் போட்டுருவாங்க, இல்லாட்டி தூக்கிருவாங்க.

தலைப்பும் நீங்களே ரெண்டு அனுப்புங்க, ஒண்ணு சின்னதா. தமிழ்ல சொல்லு நீளம், "பெருந்தோட்டத் தொழிலாளர்கள்"ங்கிறது ஒரு கொலத்துக்குள்ள (பக்கத்துல ஒரு பத்தி அகலத்துக்குள்ள) அடங்கவே அடங்காது. "குளவிக் கொட்டு: 8 பேர் வைத்தியசாலையில்" அடங்கும்.

சிறுவர் பெயரும் முகமும், பாலியல் வன்முறையில பாதிக்கப்பட்டவங்க அடையாளமும் அனுப்பவே கூடாது. பெயர விட்டுட்டு தோட்டம், பிரிவு, லய (தோட்ட வரிசை வீடு) நம்பர், அப்பா வேலைன்னு எழுதுறவங்களும் இருக்காங்க, சின்னத் தோட்டத்துல அது பெயரப் போட்டதுக்குச் சமம். தற்கொலைச் செய்தியில எப்படிச் செஞ்சாங்கன்னு விவரம் வேண்டாம், 1926 மனநல உதவி இலக்கத்தக் கீழ போடச் சொல்லிக் கேளுங்க.

7. ஊர்ப்பேர்

நம்ம தோட்டங்களுக்கு ஒஃபிஸ் பேர் ஒண்ணு, சனம் கூப்பிடுற தமிழ்ப் பேர் ஒண்ணு. பொலிஸ் ரிப்போர்ட்ல ஒண்ணு, உங்க செய்தியில மத்தது, அப்போ டெஸ்க்ல ரெண்டு சம்பவம்னு நெனச்சி ரெண்டு செய்தியாப் போட்டதும் நடந்திருக்கு. முதல்ல ஒஃபிஸ் பேர், பிறகு சனம் சொல்ற பேர், பிறகு மேற்பிரிவா கீழ்ப்பிரிவா, பொலிஸ் பிரிவு. இந்த நாலும் இருக்கணும்.

ஹட்டனா அட்டனா, பொகவந்தலாவையா பொகவந்தலாவவா, ஒவ்வொரு பேப்பருக்கும் ஒரு வழக்கம் இருக்கு. உங்க பேப்பரோட ஒரு வாரப் பிரதிய எடுத்து ஊர்ப்பேர் எல்லாத்தையும் எழுதி எடுத்துக்கங்க.

8. போட்டோ

வாட்ஸ்அப்புல சும்மா அனுப்பினா அது போட்டோவச் சுருக்கிரும். டொகியுமென்ட்டாப் போட்டு அனுப்புங்க. பேப்பர்ல மூணு கொலம் போட்டோன்னா ஏறக்குறைய ஆறு அங்குலம், அங்குலத்துக்கு 200 புள்ளின்னு வச்சாலும் 1,200 பிக்சல் அகலம் வேணும். பேஸ்புக்ல இருந்து ஸ்கிரீன்ஷொட் அடிச்சு அனுப்புறது அச்சுல கஞ்சி மாதிரி வரும், அது போக மத்தவங்க எடுத்த படம் அது, கேட்காமப் போட முடியாது.

நியூஸ்பிரிண்ட் மை உறிஞ்சும் கடதாசி, புள்ளி ஊறிப் பெருசாகும், அதனால போன்ல பார்க்கிறத விட அச்சுல இருட்டா வரும். நம்ம பக்கத்துல பனி, மழை, பின்னேரம், இதுல எடுத்த படம் எல்லாம் கறுப்புச் சதுரமாப் போயிரும். கொஞ்சம் வெளிச்சமா எடுங்க, கிட்டப் போய் எடுங்க, நெட்டையா ஒண்ணு படுக்கையா ஒண்ணு எடுங்க, எந்த ஓட்டை கிடைக்கும்னு உங்களுக்குத் தெரியாது.

கெப்ஷன் இல்லாம அனுப்பினா போட்டோ அனுப்பாததுக்குச் சமம். இடமிருந்து வலமாப் பெயர். ஒருமுறை நான் ஒரு பாடசாலைப் பரிசளிப்புப் படத்துல ரெண்டு பிள்ளைங்க பெயர மாத்தி அனுப்பிட்டேன். அந்தப் பிள்ளையோட அப்பா பேப்பர மடிச்சு சட்டைப் பையில வச்சிக்கிட்டு டவுனுக்கு வந்து என்னக் கண்டு, ஒண்ணும் ஏசல, விரிச்சுக் காட்டினார், பெயருக்கு மேல பேனாவால ஒரு கோடு போட்டு சரியான பெயர எழுதி இருந்தார். அன்னையில இருந்து ஒவ்வொரு பிள்ளைக்கிட்டயும் கொப்பியக் கொடுத்து அவங்க கையாலயே பெயர எழுத வைக்கிறேன், நிக்கிற வரிசையிலயே.

9. ஃபொன்ட் சிக்கல்

நீங்க போன்ல அடிக்கிறது யுனிகோட். பல ஒஃபிஸ்ல பக்கம் கட்டுறது பாமினி மாதிரியான பழைய ஃபொன்ட்ல. நடுவுல மாத்தித் தான் ஆகணும், அந்த மாற்றத்துல ஆங்கில எழுத்துல இருந்த சொல்லு எல்லாம் அர்த்தமில்லாத தமிழ் எழுத்தா மாறிரும், ஏன்னா அந்த ஃபொன்ட்ல ஒவ்வொரு ஆங்கில எழுத்துக்கும் மேல ஒரு தமிழ் எழுத்து உட்கார்ந்திருக்கு. அதனால எல்லாத்தையும் தமிழ்லயே எழுதுங்க. இமோஜி, நட்சத்திரம், தடிப்பு எழுத்து ஒண்ணும் வேண்டாம்.

செய்திய போட்டோவுக்குக் கீழ கெப்ஷனா ஒட்டாம தனி மெசேஜா அனுப்புங்க, டெஸ்க்ல கொப்பி பண்ணி எடுக்கணும். கையால எழுதிப் போட்டோ பிடிச்சு அனுப்புறவங்களும் இன்னும் இருக்காங்க, அத டைப் பண்ண ஒருத்தர் உட்காரணும், அங்கயே உங்க நேரம் போயிரும்.

10. டெஸ்க்ல உங்க செய்திக்கு என்ன நடக்குது

செய்தி ஆசிரியர் பார்த்து எந்தப் பக்கம்னு முடிவெடுப்பார், உதவி ஆசிரியர் திருத்துவார், பிறகு பக்க வடிவமைப்பாளர் கட்டத்துல ஊத்துவார், வழியுறத வெட்டுவாங்க, பிரின்ட் எடுத்து ஒப்புநோக்குநர் வாசிப்பார். அவர் எழுத்துப் பிழை மட்டும் பார்க்கிறதில்ல, பழைய ஃபொன்ட்ல "கொ" மாதிரி எழுத்து மூணு துண்டா இருக்கிறதால வரி முடிவுல உடைஞ்சு அடுத்த வரி தனித் துணைக்காலோட ஆரம்பிச்சிருக்கான்னும் பார்ப்பார். மரண அறிவித்தல ரெண்டு பேர் வாசிப்பாங்க, அதுல ஒரு பெயர் பிழைச்சா அந்த வீட்டுக்கு அது மாறாத வடு.

இந்த நேரத்துல உங்க போன் திறந்திருக்கணும். இது தான் பலர் செய்ற கடைசிப் பிழை, அனுப்பிட்டு சிக்னல் இல்லாத வீட்டுக்குப் போயிர்றது. "8 பேர்னு மேல, 9 பேர்னு கீழ இருக்கே"ன்னு கேட்க எடுத்தா போன் போகாது, சந்தேகம் தீராத செய்திய எடுத்து வச்சிட்டு வேற ஒண்ணப் போட்டுருவாங்க. பக்கம் மூடுற நேரம் வரைக்கும் அந்த மேட்டுலயே இருங்க, குளிரா இருந்தாலும்.

11. பக்கம் மூடின பிறகு ஏன் ஒண்ணும் மாத்த முடியாது

மூடின பக்கம் பிடிஎஃப்பா பிளேட் அறைக்குப் போகும். கலர் பக்கம் ஒண்ணுக்கு நீலம், மெஜெந்தா, மஞ்சள், கறுப்புன்னு நாலு அலுமினியப் பிளேட். கறுப்பு வெள்ளைப் பக்கத்துக்கு ஒண்ணு போதும். பிளேட்ல எழுத்து இருக்கிற இடம் மையப் பிடிக்கும், மத்த இடம் தண்ணியப் பிடிச்சு மையத் தள்ளிரும். பிளேட் நேராக் கடதாசியத் தொடாது, றப்பர் உருளையில பதிஞ்சு, றப்பர்ல இருந்து தான் கடதாசிக்குப் போகும். அதனால தான் பிளேட்டக் கையில எடுத்தா எழுத்து நேராவே வாசிக்கலாம்.

மெஷின் ஓட ஆரம்பிச்ச முதல் கொஞ்சப் பிரதிகள் குப்பைக்குத் தான். நாலு நிறமும் ஒண்ணு மேல ஒண்ணு சரியா உட்காருற வரைக்கும் மெஷின்காரர் ஒவ்வொண்ணா எடுத்து விரிச்சுப் பார்த்து திருகிக்கிட்டே இருப்பார், விலகி இருந்தா முகத்துக்கு ரெண்டு விளிம்பு தெரியும்.

இப்ப நீங்க ஒன்பதே முக்காலுக்கு போன் எடுத்து "அண்ணே, ஒரு பெயர் பிழை"ன்னு சொன்னா என்ன நடக்கணும்? மெஷின நிறுத்தி, பக்கத்தத் திருத்தி, பிளேட் வெட்டி, மாட்டி, திரும்ப நிறம் சரி பண்ணணும். அதுக்குள்ள லொறி பிந்தும், ஹட்டன் முதல் பஸ் போயிரும், மலை முழுக்கப் பேப்பர் பகல் பத்து மணிக்குத் தான் வரும். உயிர் இழப்பு எண்ணிக்கை பெரிசா மாறினா, இல்ல ஒருத்தருக்குப் பெரிய அநியாயம் ஆகும்னா கட்டாயம் சொல்லுங்க, நிறுத்துவாங்க, கடைசிப் பதிப்புலயாவது திருத்துவாங்க. மத்ததுக்கு நாளைக்குத் திருத்தம் தான்.

12. லொறியில இருந்து தோட்டக் கடை வரைக்கும்

அடிச்சு மடிஞ்சு வர்ற பேப்பர எண்ணி, ஏஜென்ட் பெயர் எழுதின சீட்ட மேல வச்சுக் கட்டுவாங்க. ஹட்டன், தலவாக்கலை, நுவரெலியா ஒரு வழி, கண்டி ஒரு வழி, பண்டாரவளை பதுளைக்கு இரத்தினபுரி பலாங்கொடை வழி. ஏஜென்ட் டவுன்ல பிரிச்சு, தோட்டத்துக்குப் போறத பஸ் கண்டக்டர்மாரிட்டக் கொடுப்பார்.

உங்க செய்தி வர்ற அன்னைக்கு அந்தத் தோட்டத்துக்குப் பத்துப் பிரதி கூடப் போகணும்னா ஏஜென்ட்டுக்கு முதல் நாள் பகலே சொல்லணும், அவரு ஒஃபிஸுக்குச் சொன்னாத் தான் கட்டுல கூட்டி வைப்பாங்க. காலைல சொன்னா ஒண்ணும் செய்ய முடியாது. மண்சரிவால பாதை மூடினா எது வழியா வரலாம்னு ஒஃபிஸுக்கு முதல்ல சொல்ல வேண்டியதும் நீங்க தான், ராத்திரி பதினொன்றுக்கு முன்ன.

13. காலைல செய்ய வேண்டியது

வந்த பேப்பர எடுத்து நீங்க அனுப்பினதோட வரிக்கு வரி ஒப்பிடுங்க. எத வெட்டினாங்க, எத மாத்தினாங்க, தலைப்பு எப்படி வச்சாங்க. மூணு மாசம் இதச் செஞ்சா டெஸ்க்ல என்ன தேவைன்னு யாரும் சொல்லித் தராமலே கை பழகிரும். செய்திய வெட்டி, திகதி, பக்க நம்பர் எழுதி ஃபைல் பண்ணுங்க, மாசக் கடைசில எத்தன செய்தின்னு கணக்குக் கேட்டா காட்ட அது தான் இருக்கு.

பிழை இருந்தா யாரும் கேட்கும் முன்ன நீங்களே டெஸ்க்குக்கு எழுதுங்க: திகதி, பக்கம், வந்தது இது, சரியானது இது. மூணே வரி. சம்பந்தப்பட்டவங்களுக்கும் நீங்களே போன் எடுத்துச் சொல்லுங்க, திருத்தம் வந்த பிரதிய கையில கொண்டு போய்க் கொடுங்க.

பிறகு ஒன்பது மணிக்கு ஆஸ்பத்திரிக்கு ஒரு கோல். கிளங்கனுக்கு மாத்தின ரெண்டு பேரும் எப்படி இருக்காங்க, கூட்ட அகற்றினாங்களா, அந்த மலையில இன்னைக்குப் பெரட்டுக்கு (காலைல வேலைக்குப் பேர் கொடுக்க) ஆள் போனாங்களா. ரெண்டு வரிய உடனே டெஸ்க்குக்கு அனுப்புங்க, முழுசா எழுத ரெண்டரை வரைக்கும் நேரம் இருக்கு.